வெள்ளச் சிந்து: எழுதும் முறை, பாடும் முறை, அச்சிடும் முறை

ரேடியோ வருவதற்கு முன்னால் புயல், வெள்ளம், பஞ்சம் பற்றிய சேதியை ஊர் ஊராகக் கொண்டுபோனது சிந்துப் பாட்டு. எட்டுப் பக்கம், மட்டமான தாள், பெரிய எழுத்து, காலணா அரையணா விலை. சென்னையில் குஜிலி என்ற பழைய சந்தையின் கடைகளில் விற்ற இந்தச் சிறு புத்தகங்களைப் பாடகர்கள் ரயிலடியிலும் சந்தையிலும் திருவிழாக் கூட்டத்திலும் பாடிக்கொண்டே விற்றார்கள். தாது வருஷப் பஞ்சத்துக்கு (1876–78) கும்மி உண்டு; வெள்ளத்துக்கும் ரயில் விபத்துக்கும் சிந்து உண்டு. சென்னை ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகத்தில் இவ்வகைப் புத்தகங்களைப் பாதுகாத்து வைத்திருக்கிறார்கள். எழுத உட்காரும் முன் நாலைந்தையாவது புரட்டிப் பாருங்கள்.

இன்று சேதி சொல்லச் சிந்து தேவைப்படாது, கைபேசி முந்திக்கொள்ளும். ஆனால் டிவி வண்டிகள் பத்து நாளில் அடுத்த ஊருக்குப் போய்விடும். எந்தத் தெருவில் முதலில் தண்ணீர் ஏறியது, எந்தப் பாலம் முதலில் முங்கியது, எந்த வீட்டுத் திண்ணை தப்பியது, எந்த வழியாக மேட்டுக்குப் போனார்கள் என்பதெல்லாம் பதினைந்து வருஷம் கழித்து அதே ஊர்ப் பிள்ளைகளுக்கு வேண்டியிருக்கும். கும்மியாகப் பாடிப் பழகியிருந்தால் அது நாக்கில் நிற்கும். கேட்பவரை அழவைக்கும் பாட்டு யாரும் எழுதலாம். அடுத்த வெள்ளத்தில் ஒரு குடும்பத்தை நேரத்தோடு எழுப்பி வெளியே அனுப்பும் பாட்டுதான் அரிது. அதை எழுதும் வழி கீழே. உதாரணத்துக்கு எடுத்துக்கொண்டது 2023 டிசம்பர் 17, 18 தேதிகளில் நெல்லை, தூத்துக்குடி மாவட்டங்களைப் புரட்டிப்போட்ட வெள்ளம்.

முதலில் கணக்கு

பாரதி புதுச்சேரியில் புயலைப் பாடியபோது, நள வருஷம் கார்த்திகை மாதம் 8ஆம் தேதி புதன்கிழமை இரவு என்று தலைப்பிலேயே குறித்துவைத்தார். நூறு வருஷத்துக்கு மேல் கழித்தும் அது 1916 நவம்பர் 22 என்று கணக்குப் போட முடிகிறது. அவ்வளவு துல்லியம் உங்கள் பாட்டிலும் வேண்டும். தமிழ்த் தேதி, ஆங்கிலத் தேதி, கிழமை, மணி நான்கையும் நோட்டில் எழுதிய பிறகே மெட்டைத் தொடுங்கள். 2023 வெள்ளத்துக்கு அது சோபகிருது வருஷம் மார்கழி 1, ஞாயிற்றுக்கிழமை.

மழை அளவில் பலர் தடுமாறுவார்கள். வானிலைத் துறையின் மழை நாள் காலை 8.30 மணிக்குத் தொடங்கி மறுநாள் காலை 8.30க்கு முடிகிறது. காயல்பட்டினத்தில் 95 செ.மீ., திருச்செந்தூரில் 69 செ.மீ., ஸ்ரீவைகுண்டத்தில் 62 செ.மீ. என்று டிசம்பர் 18 காலையில் வெளியான அளவுகள் பெரும்பாலும் 17ஆம் தேதி ஞாயிறு பகலும் இரவும் பெய்த மழையைக் குறிப்பவை. '18ஆம் தேதி பெய்தது' என்று பாடிவிட்டால், ஞாயிறு ராத்திரி முழுக்க நனைந்தவர்கள் முதல் வரியிலேயே நம்பிக்கை இழப்பார்கள்.

இன்னொரு குழப்பம், மழையின் அளவையும் வெள்ளத்தின் ஆழத்தையும் ஒன்றாக நினைப்பது. 95 செ.மீ. மழை என்றால் தெருவில் 95 செ.மீ. தண்ணீர் நின்றது என்று பொருளில்லை. மேட்டுத் தெருவில் அது கணுக்காலோடு வடிந்திருக்கும், பள்ளத்தில் கூரை தொட்டிருக்கும். மழை அளவைக் கேட்பவர் மனதில் ஏற்ற எளிய கணக்கு ஒன்று இருக்கிறது. ஒரு சதுர மீட்டரில் 1 மி.மீ. மழை பெய்தால் 1 லிட்டர். 1000 சதுர அடி வீட்டுக் கூரை ஏறக்குறைய 93 சதுர மீட்டர். அதன்மேல் 95 செ.மீ. பெய்தால் 88,000 லிட்டருக்கும் மேல். பன்னிரண்டாயிரம் லிட்டர் கொள்ளும் தண்ணி லாரி ஏழு! 'நம்ம ஓட்டுக்கு மேல ஏழு லாரித் தண்ணி' என்று பாடினால் சென்டிமீட்டர் தெரியாத ஆச்சிக்கும் புரியும். அணையிலிருந்து திறந்த நீரையும் இப்படி மாற்றிக்கொள்ளலாம். ஒரு கன அடி 28.3 லிட்டர், எனவே விநாடிக்கு 10,000 கன அடி என்றால் விநாடிக்கு ஏறத்தாழ 24 லாரி.

அடுத்து ஊருக்குள் தண்ணீர் நின்ற உயரம். இதை வெள்ளம் வடிந்த ஒரு வாரத்துக்குள் எடுத்துவிட வேண்டும். பொங்கல் வந்தால் சுண்ணாம்பு அடித்துவிடுவார்கள், சுவரில் இருந்த சேற்றுக்கோடு போய்விடும். 5 மீட்டர் டேப், அழியாத மார்க்கர், நோட்டு, கைபேசி, கூடவே கொத்தனார் மட்டம் பார்க்கும் தண்ணி டியூப் போதும். வெளிச்சுவரை நம்பாதீர்கள். ஓடுகிற தண்ணீரும் அலையும் அங்கே கோட்டை ஒரு சாண் உயர்த்திக் காட்டும். வீட்டுக்குள் மூடிக் கிடந்த அறை, அலமாரி உள்புறம், கதவின் பின்பக்கம் ஆகியவற்றில் இருக்கும் கோடுதான் சரியானது. அளவை வீட்டுத் தரையிலிருந்து எடுத்தால் ஒப்பிட முடியாது, ஏனென்றால் ஒவ்வொரு வீட்டு அடித்தளமும் ஒவ்வொரு உயரம். தெரு மட்டத்திலிருந்து எடுங்கள். பிறகு தண்ணி டியூப் வைத்து அந்த மட்டத்தை அருகிலுள்ள பொது இடம் ஒன்றுக்கு மாற்றுங்கள்: பள்ளிக்கூடப் படி, கோயில் பலிபீடம், பாலத்துக் கைப்பிடி. பாட்டில் வர வேண்டியது அந்தப் பொது இடம். 'முருகேசன் வீட்டு ஜன்னல்' என்று எழுதினால் முருகேசன் வீட்டை இடித்துக் கட்டியதும் வரி செத்துப்போகும். தெருவுக்கு ஒரு கோடு வீதம், குறைந்தது ஐந்து கோடுகள் வேண்டும்.

நேரம் கேட்கும்போது 'எத்தனை மணி இருக்கும்?' என்று நேராகக் கேட்டால் ஆளுக்கொரு மணி சொல்வார்கள். கரண்ட் போனதற்கு முன்னா பின்னா, கடைசி பஸ் போன பிறகா, ராத்திரிச் சாப்பாடு ஆகிவிட்டதா என்று ஊருக்கே தெரிந்த நிகழ்ச்சியோடு கோத்துக் கேளுங்கள். வெவ்வேறு தெருவைச் சேர்ந்த இரண்டு பேர் சொல்வது பொருந்தினால் எழுதலாம். கைபேசிப் படங்கள் நல்ல சாட்சி, ஆனால் எடுத்தவருடைய கைபேசியில் உள்ள மூலப் படத்தைப் பாருங்கள். வாட்ஸ்அப்பில் வந்த படத்தில் எடுத்த நேரம் உதிர்ந்துவிடும், வந்து சேர்ந்த நேரம்தான் தெரியும்.

நாளிதழ்களைத் தேதிவாரியாக எடுத்து வையுங்கள். ஆனால் நிலைமை எவ்வளவு மோசமோ அவ்வளவு குறைவாகவே அந்த நாளின் பதிவு கிடைக்கும். 2015 டிசம்பர் 2 அன்று 'தி இந்து' நாளிதழின் சென்னைப் பதிப்பே அச்சாகவில்லை. ஊழியர்கள் அச்சகத்துக்குப் போய்ச் சேர முடியாத வெள்ளம். 1878இல் தொடங்கிய பத்திரிகைக்கு அப்படி நேர்ந்தது அதுவே முதல் முறை. அந்த மாதிரி நாட்களின் கதை மனிதர்களின் வாயில் மட்டுமே இருக்கும்.

வாய்மொழி கேட்கப் போகும்போது 'எப்படி இருந்தது உங்களுக்கு?' என்று தொடங்க வேண்டாம். அந்தக் கேள்வி அழுகையைத்தான் கொண்டுவரும், தகவல் தராது, கேட்பவருக்கும் அது அழகில்லை. 'முதல்ல எதைத் தூக்குனீங்க? எந்தப் பக்கமா போனீங்க? யார் கூப்பிட்டாங்க?' என்று செயலைக் கேளுங்கள். பெண்களிடம் தனியாகக் கேளுங்கள். அடுப்படியில் என்ன இருந்தது, எத்தனை நாள் அதை வைத்துச் சமாளித்தார்கள், மாதவிலக்கு நாளில் மாடியில் எப்படிக் கழிந்தது என்பதெல்லாம் ஆண்கள் சொல்லும் கதையில் வராது.

மெட்டு

புதிதாக எழுதுபவருக்குக் கும்மிச் சிந்து போதும். ஊரில் எல்லோருக்கும் கைதட்டத் தெரியும், பக்கவாத்தியம் இல்லாமலும் நிற்கும். ஓர் அடிக்கு ஏழு சீர். முன்பாதி நான்கு, பின்பாதி மூன்று. எட்டாவது சீரின் இடம் தாளத்துக்கு விடும் மூச்சு. ஒவ்வொரு சீரும் 'தகிட' என்ற மூன்று தட்டுக்குள் அடங்க வேண்டும். முதல் சீரும் ஐந்தாம் சீரும் மோனையில் சேரும். இரண்டு அடி சேர்ந்தால் ஒரு கண்ணி, அந்த இரண்டு அடியின் தொடக்கத்திலும் ஒரே எதுகை. மாதிரிக்கு இரண்டு கண்ணிகள்:

மார்கழி மாதம் முதல்தேதி ஞாயிறு
மாமழை கொட்டிய சேதிகேளு
ஊர்முழு தும்தண்ணி கூரையில் பிள்ளைகள்
உக்காந்து தூங்காத சேதிகேளு

காயல்பட் டணத்திலோர் நாளுக்குள் பெஞ்சது
கணக்குத்தொண் ணூத்தஞ்சு சென்டிமீட்டர்
பாயும் படுக்கையும் ஆட்டுக்குட் டிகளும்
பாத்திருக் கப்போச்சு ஆத்தோடே

மார்–ஊர், காயல்–பாயும் எதுகை. மார்–மா, ஊர்–உக், காயல்–கணக்கு, பாயும்–பாத்து மோனை. கைதட்டிப் பாடிப் பாருங்கள். 'தொண்ணூத்தஞ்சு' இரண்டு சீரில் உடைந்தாலும் காதுக்கு இடறாது. ஏனென்றால் உடையும் இடம் தாளம் விழும் இடத்தில் இருக்கிறது. தெருப் பெயர்களை மட்டும் அப்படி உடைக்க வேண்டாம். காயல்பட்டினம் எல்லோருக்கும் தெரிந்த பெயர், பிளந்தாலும் புரியும். சின்னத் தெருவின் பெயர் இரண்டாகப் பிளந்தால் வெளித்தெருக்காரருக்குப் பிடிபடாது.

புதியவர்கள் அடிக்கடி செய்யும் தவறு, மோனைக்காக எண்ணை மாற்றுவது. 'ந'வில் மோனை வேண்டுமென்று 95ஐ நூறாக்கிவிடுவார்கள். அந்த வரிதான் வாட்ஸ்அப்பில் பறக்கும், மறுவருஷம் பள்ளிக்கூடக் கட்டுரையில் வந்து நிற்கும். எண்ணுக்கு மெட்டை வளையுங்கள், வளையவில்லை என்றால் எண்ணை உரைநடையில் சொல்லிவிட்டுப் பாடுங்கள்.

துக்கத்துக்கும் கேள்விக்கும் நொண்டிச் சிந்து நன்றாகப் பொருந்தும். அடியின் நடுவில் தனிச்சொல் வந்து ஒரு கணம் நிறுத்தும், அந்த நிறுத்தத்தில்தான் கேட்பவர் யோசிப்பார்:

ஏரி நெறஞ்சதுன்னு – நேத்து
எட்டுமணிக் கேசொல்லி இருந்திருந்தா
மாரி மேலபழி – போட்டு
மறைச்சிட லாமோடி என்தோழி

இப்படி ஒரு வரியை எழுதும் முன், எச்சரிக்கை எத்தனை மணிக்கு யார் வழியாக வந்தது, அல்லது வரவேயில்லையா என்று ஆதாரத்தோடு தெரிந்திருக்க வேண்டும். தண்டோரா போட்டார்களா, பள்ளிவாசல், கோயில், தேவாலய ஒலிபெருக்கியில் சொன்னார்களா, கைபேசிக்குக் குறுஞ்செய்தி வந்ததா என்று ஒவ்வொன்றாகக் கேளுங்கள். சொன்னார்கள், ஆனால் பள்ளத்துத் தெருவுக்குக் கேட்கவில்லை என்று தெரியவந்தால் அதையே எழுதுங்கள். அந்த உண்மை பழியைவிடப் பயனுள்ளது; அடுத்த முறை அங்கே ஒரு ஸ்பீக்கர் கட்டச் சொல்லலாம்.

சினிமா மெட்டு வேண்டாம். பழைய சிந்துக்காரர்கள் அப்போது பிரபலமாயிருந்த நாடக மெட்டுகளைத் தாராளமாக எடுத்தார்கள், உண்மைதான். இப்போது இணையத்தில் ஏற்றினால் உரிமைக்காரர் காணொளியை நிறுத்திவிடலாம். அதோடு சினிமாப் பாட்டு கேட்டதும் சனங்கள் நடிகரைத்தான் நினைப்பார்கள். ஒப்பாரி மெட்டையும் யோசித்துத் தொடுங்கள். இழவு வீட்டில் உறவுப் பெண்கள் பாடும் பாட்டு அது. அந்தப் பெண்களே முன்வந்தாலொழிய மேடையில் வேறொருவர் அதைப் பாடுவது முறையாகாது.

எதை எந்த வரிசையில்

பன்னிரண்டு கண்ணி அளவானது. கணக்கு இது: கும்மியை நிமிஷத்துக்கு 100 சீர் வேகத்தில் பாடினால் ஓர் அடிக்கு ஐந்து விநாடி. கண்ணியைப் பாடகர் பாட, பின்பாட்டுக்காரர் திருப்பிப் பாட, இடையில் ஒரு பல்லவி விழ, கண்ணிக்கு அரை நிமிஷம். பன்னிரண்டுக்கு ஆறு நிமிஷம். அதற்கு மேல் போனால் கைதட்டு தளரும், சொல்லும் காதில் விழாது.

முதல் கண்ணி தேதி. அடுத்த இரண்டில் ஊரின் நீர்வழி வர வேண்டும். வில்லுப்பாட்டில் 'நாட்டு வளம்' என்று ஒரு பகுதி வரும், பெரும்பாலும் மூன்றாம் போகம் விளைந்தது, யானை கட்டிப் போரடித்தது என்று போகும். வெள்ளச் சிந்தில் அந்த இடத்தைக் குளத்துக்கும் கால்வாய்க்கும் கொடுத்துவிடுங்கள். தாமிரபரணியில் எட்டு அணைக்கட்டு, கடைசி ஸ்ரீவைகுண்டம். அதன் கால்வாய்களிலிருந்து குளம் குளமாகத் தண்ணீர் இறங்குகிறது. மேல்குளத்து மறுகால், அதாவது நிரம்பி வழியும் தண்ணீர், கீழ்க்குளத்துக்கு வரத்து. உங்கள் ஊர்க் குளத்துக்கு மேலே எந்தக் குளம், அது உடைந்தால் தண்ணீர் எந்தத் தெருவழி வரும், மறுகால் ஓடை இப்போது எங்கே அடைபட்டிருக்கிறது என்பதை இந்த இரண்டு கண்ணிக்குள் அடைத்துவிட்டால், பாட்டின் பாதி வேலை முடிந்தது. மடை திறந்து வயலுக்குத் தண்ணீர் பாய்ச்சும் வயதான நீர்க்கட்டியைக் கேட்டால் ஒரு சாயங்காலத்தில் எல்லாம் சொல்லிவிடுவார். இதைவிட முக்கியமான ஆள் உங்களுக்குக் கிடைக்கப் போவதில்லை.

நான்காவது கண்ணி, எச்சரிக்கை வந்த விதம். 'கனமழை' என்றால் 7 முதல் 11 செ.மீ., 'மிக கனமழை' 12 முதல் 20, 'அதி கனமழை' 20க்கு மேல் என்பதைப் பாட்டிலேயே சொல்லிவிடலாம். மூன்றும் ரேடியோவில் ஒன்றுபோலக் கேட்கும், வித்தியாசம் தெரியாதவர்கள் ஏராளம். ஐந்து முதல் ஏழு, அந்த ராத்திரி. எட்டில் உதவிக்கு வந்தவர்கள்: 2015இல் சென்னையில் மீனவர்கள் படகோடு தெருவுக்குள் வந்தார்கள். 2023இல் ஏறத்தாழ 800 பயணிகளோடு செந்தூர் எக்ஸ்பிரஸ் ஸ்ரீவைகுண்டம் ஸ்டேஷனில் மாட்டி நின்றபோது அக்கம்பக்க ஊர்க்காரர்கள் அவர்களுக்குச் சமைத்துப் போட்டார்கள். இந்த இடத்தில் தனி ஆளைப் புகழ்வதைவிட ஊரையும் தொழிலையும் சொல்லுவது நல்லது. ஒருவர் பெயர் வந்து ஒன்பது பேர் பெயர் விட்டுப்போனால் அந்தச் சண்டை பாட்டைவிட நீண்ட நாள் ஓடும். ஒன்பது, போனவையும் போனவர்களும். பத்து, ஏன் இப்படி ஆயிற்று.

கடைசி இரண்டு கண்ணி அடுத்த முறைக்கானது. இதை எழுதும்போது மட்டும் கவித்துவம் குறைந்தாலும் பரவாயில்லை, தெளிவு குறையக்கூடாது. புயல் ஊர்களுக்கு ஒரு கண்ணி:

கண்ணு கடக்கையில் காத்து நின்னாப்போலக்
காட்டும் வெளியில போகாதே
மண்ணுச் சுவருபக் கத்தில நிக்காதே
மறுபக்கக் காத்துவந் தேதீரும்

புயலின் கண் கடக்கும்போது காற்று சட்டென்று நின்றுவிடும், வானம்கூட வெளுக்கும். போய்விட்டது என்று நினைத்து ஆட்கள் மாட்டைப் பார்க்கவும் கூரையைக் கட்டவும் வெளியே வருவார்கள். சற்று நேரத்தில் எதிர்த் திசையிலிருந்து காற்று திரும்பி அடிக்கும். முதல் பாதியில் ஆடிப்போன சுவர் அப்போதுதான் விழும். இந்த ஒரு தகவல் கடற்கரை ஊர்க் குழந்தைகள் அத்தனை பேர் வாயிலும் இருக்க வேண்டும்.

தொலைபேசி எண்களைப் பாட்டில் வைக்காதீர்கள். எண் மாறும், பாட்டு மாறாது. பழைய எண்ணைப் பாடிக்கொண்டிருப்பது ஆபத்து. 1070, 1077, 108, 112 ஆகியவை புத்தகத்தின் உரைநடைப் பக்கத்தில் இருக்கட்டும்.

யாரைப் பாடலாம், யாரைக் கேட்க வேண்டும்

இறந்தவர் பெயர் வர வேண்டுமானால் குடும்பத்தாரின் சம்மதம் வேண்டும். வாய்மொழியாகப் போதாது, அந்தக் கண்ணியை முழுதாகப் பாடிக் காட்டுங்கள். பதினாறாம் நாள் காரியம் முடியும்வரை அந்த வீட்டுப் படியேறாதீர்கள். குழந்தைகள் பெயர் வேண்டாம். இறந்த விதத்தை விவரிக்க வேண்டாம். பிணம் கிடந்த கோலம், அழுகல், வீக்கம் எதுவும். பழைய சிந்துகள் இதில் தாராளமாக இருந்தன, நாம் அப்படி இருக்கத் தேவையில்லை. 'பாவம் பெருகியதால் மழை பெருகியது' என்ற பழைய வரியையும் விட்டுவிடுங்கள். பிள்ளையைப் பறிகொடுத்தவர் எதிரில் அதைப் பாடுவது கொடுமை.

தெருக்களின் பட்டியலை எழுதி வைத்துக்கொண்டு, எல்லாத் தெருவும் பாட்டில் வந்துவிட்டதா என்று ஒவ்வொன்றாக அடித்துப் பாருங்கள். பெரும்பாலும் பள்ளத்தில் இருப்பது காலனியும் குப்பமும். தண்ணீர் முதலில் ஏறுவதும் கடைசியில் வடிவதும் அங்கே, நிவாரண வண்டி கடைசியில் போவதும் அங்கே. ஆனால் எழுதுபவர் மேட்டுத் தெருக்காரராக இருந்தால் பாட்டு மேட்டுத் தெருவிலேயே நடக்கும். அப்படி எழுதிய சிந்து ஊரின் பதிவாகாது. முதல் வாசிப்பைக் காலனியில் வைத்துக்கொள்ளுங்கள். அங்கே சொல்லும் திருத்தத்தை ஏற்றுக்கொண்ட பிறகு மற்றத் தெருக்களுக்குப் போகலாம்.

பாடுதல்

ஒரு முன்பாட்டு, இரண்டு பின்பாட்டு, ஒரு உடுக்கை அல்லது கஞ்சிரா, ஒரு ஜால்ரா. நெல்லைப் பக்கமானால் வில், குடம், கட்டை சேரும். அப்போது காப்பு, வருபொருள் (பாடப்போகும் கதையைச் சொல்வது), குருவடி (குரு வணக்கம்), அவையடக்கம், நாட்டு வளம், கதை, வாழி என்ற வரிசையில் விரித்து முக்கால் மணி நேரம் வரை கொண்டுபோகலாம், கும்மிக் கண்ணிகள் கதைக்குள் வந்து விழும். பறை வேண்டுமானால் இறுதிச் சடங்கு அடியாகக் கேட்காதபடி கலைஞரோடு முன்கூட்டியே பேசி அடியைத் தேர்ந்துகொள்ளுங்கள்.

தண்ணீர்ச் சத்தம், காற்று ஓலம், இடி எதையும் பதிவிலிருந்து ஒலிக்கவிடாதீர்கள். வெள்ளத்தைப் பார்த்தவர்களுக்கு, அதிலும் சுனாமி கண்ட கரையோர மக்களுக்கு, அந்தச் சத்தம் உடம்பைத் தூக்கிவாரிப் போடும். விளக்கை அணைத்துத் தொடங்குவதும் அப்படியே. தொடங்கும் முன், 'இதில் அந்த ராத்திரி வரும், எழுந்து போக நினைப்பவர்கள் போகலாம்' என்று அறிவித்துவிடுங்கள், உட்காரும் இடத்தில் வழி விடுங்கள். முதல் வருஷ நினைவு நாளில் பாடுவதாக இருந்தால் நேரம் ராத்திரியாக வேண்டாம், சாயங்காலம் ஐந்து மணி நல்லது.

பாடி முடித்ததும் கைதட்டு வாங்கிக்கொண்டு இறங்கிவிடாதீர்கள். கடைசி இரண்டு கண்ணியைப் பிள்ளைகளை வட்டமாக நிறுத்தி மூன்று தரம் சொல்லிக்கொடுங்கள். மூன்றாம் தரம் நீங்கள் வாயை மூடிக்கொள்ளுங்கள். எந்த வார்த்தையில் அவர்கள் தடுமாறுகிறார்களோ அந்த வார்த்தை மாற வேண்டும்.

அச்சும் பதிவும்

ஒரே ஒரு ஏ4 தாளை இரண்டு முறை மடித்தால் எட்டுப் பக்கம் கிடைக்கும், பழைய சிந்துப் புத்தகத்தின் அதே கணக்கு. தாளின் ஒரு புறம் கீழ்வரிசையில் இடது 8, வலது 1. மேல்வரிசையில் தலைகீழாக இடது 5, வலது 4. மறுபுறம் கீழே இடது 2, வலது 7. மேலே தலைகீழாக இடது 3, வலது 6. மடித்து, முதுகில் ஒரு பின் அடித்து, மேல் மடிப்பை வெட்டினால் முடிந்தது. ஜெராக்ஸ் கடையில் இரண்டு பக்கம் எடுக்கும்போது தாளை நீளவாக்கில் புரட்டுகிறார்களா அகலவாக்கில் புரட்டுகிறார்களா என்று முதல் தாளில் சரிபாருங்கள். அங்கே பிசகினால் 2ஆம் பக்கம் 1க்குப் பின்னால் வராது. வெற்றுத் தாளில் எண்களை மட்டும் எழுதி மடித்துப் பார்த்துவிட்டு அச்சுக்குக் கொடுங்கள்.

எழுத்து 12 புள்ளிக்குக் குறைய வேண்டாம். பக்க அகலம் 105 மி.மீ.தான், ஏழு சீரும் ஒரே வரியில் நிற்காது, எனவே நான்கு சீர், மூன்று சீராக மடக்கி அச்சிடுங்கள். பக்கத்துக்கு மூன்று கண்ணி. 1ஆம் பக்கம் தலைப்பும் தேதியும், 2இல் மழை அளவும் தெருவாரி நீர்மட்டமும், 3 முதல் 6 வரை பாட்டு, 7இல் மேட்டு இடங்கள், முகாம், எண்கள். 8ஆம் பக்கத்தில் கோடு போட்டு 'எங்கள் வீட்டில் தண்ணீர் நின்ற உயரம், தேதி' என்று எழுத இடம் விடுங்கள். மெட்டு எது, எந்த மாதம் எழுதியது, எத்தனையாவது பதிப்பு என்பது முதல் பக்கத்தின் அடியில் வரட்டும்.

காணொளிக்கு மூன்று கண்ணி, ஒன்றரை நிமிஷம் போதும். வெளியில் எடுத்தால் காற்று மைக்கில் மோதி எல்லாவற்றையும் கெடுக்கும். சட்டையில் குத்தும் சின்ன மைக்கை வாயிலிருந்து ஒரு சாண் தள்ளி, ஸ்பாஞ்சு உறையோடு மாட்டுங்கள். உடுக்கையை இரண்டு மீட்டர் தள்ளி உட்காரவையுங்கள். எந்த வெள்ளம், எந்தத் தேதி என்பது படத்தின் மேல்மூலையில் தொடக்கம் முதல் முடிவு வரை நிற்க வேண்டும். ஒவ்வொரு மழைக்காலத்திலும் பழைய வெள்ளக் காணொளிகள் இன்று நடப்பதாகச் சுற்றிவந்து ஊரைக் கலக்குகின்றன. உங்கள் பாட்டும் அப்படி வெட்டி ஒட்டப்படலாம். தேதி முதல் அடியிலேயே குரலில் வந்துவிட்டால் அந்த வெட்டு கடினம்.

அச்சான புத்தகத்தில் இரண்டிரண்டு பிரதியை ஊராட்சி அலுவலகத்திலும் பள்ளிக்கூடத்திலும் கிளை நூலகத்திலும் கொடுத்துக் கையெழுத்து வாங்குங்கள். சேற்றுக்கோடு எடுத்த நோட்டையும் படங்களையும் பாட்டு எழுதி முடித்ததும் தூக்கிப் போட்டுவிடாதீர்கள், அவற்றின் நகலும் பள்ளிக்கூடத்தில் இருக்கட்டும். தவறு என்று யாராவது சொன்னால் அந்தக் கோட்டைப் போய் மறுபடி பாருங்கள். சொன்னவர் பக்கம் சரி என்றால் வரியை மாற்றி, எந்தக் கண்ணியில் என்ன திருத்தம் என்று 2ஆம் பக்கத்தில் குறித்து, திருத்திய பதிப்பு என்று மாதத்தோடு அச்சிடுங்கள். ஐப்பசி பிறப்பதற்கு ஒரு மாதம் முன்பே, வடகிழக்குப் பருவமழை தொடங்கும் முன், அது பிள்ளைகள் கையில் இருக்க வேண்டும்.